மதினி போட்ட தரை

சரியாகப் பூட்டிக்கொண்டால் ஒரு சத்தம் வரும். நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி எடுக்கும்போது வருகிற சத்தம் மாதிரி, அதைவிடக் கொஞ்சம் அடக்கமாக. தரைப் பலகையைச் சாய்த்துப் பிடித்து, அதன் நாக்கு விளிம்பை முந்தின வரிசையின் காடிப் பள்ளத்துக்குள் நுழைத்து, மெதுவாகக் கீழே இறக்கினால், டக். அவ்வளவுதான் வேலை. சரியாகப் பூட்டாவிட்டாலும் சத்தம் வரத்தான் செய்கிறது, ஆனால் அதற்குள் ஒன்றும் இருக்காது. பேசுகிறவர் ரிசீவரைக் கையால் பொத்திக்கொண்டு பக்கத்தில் இருப்பவரிடம் ஏதோ கேட்கிற மாதிரி இருக்கும். பாதி ஆயுசை டெலிபோன் எக்ஸ்சேஞ்சில், தலையில் ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு, வயரைப் பிடுங்கி ஓட்டையில் செருகிச் செருகிக் கழித்தவளுக்கு இந்த இரண்டு சத்தமும் தெரியாமல் போகுமா. பலகை, டக். அடுத்த பலகை, அதன் தலைமாட்டை இதன் கால்மாட்டோடு சேர்த்து, ரப்பர் சுத்தியலால் ஒரு தட்டு, டக். தேக்கு நிறம். தேக்கு இல்லை, வினைல்; மேலே தேக்கின் படம். தொட்டால் பொய் தெரிகிறது, நின்று பார்த்தால் தெரியவில்லை. முழங்காலுக்குக் கீழே பழைய தலையணை. புடவையைத் தூக்கிச் செருகியிருக்கிறேன். ஜன்னலுக்கு வெளியே ஆடிக் காற்று வேப்பமரத்தைப் பிடித்து உலுக்குகிறது. எனக்கு எழுபது தாண்டிவிட்டது, குனிந்தால் நிமிர நேரமாகிறது, ஆனால் கை இன்னும் என்னுடைய கைதான்.

விளக்கு வைப்பதற்குள் இந்த அறை முடிந்தாக வேண்டும். ஆஸ்பத்திரியிலிருந்து திலகத்தை இன்று அனுப்புகிறார்கள். திலகவதி, என் வீட்டுக்காரரின் தங்கை, கல்யாணம் செய்துகொள்ளாதவள். அவர் போன பிறகு பாளையங்கோட்டையில் இந்த வீட்டில் மிச்சம் இருப்பது நாங்கள் இரண்டு பேர். இது அவளுடைய அறை. இதே தரையில்தான் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பை முறித்துக்கொண்டாள். உள்ளே கம்பி வைத்துத் தைத்துவிட்டார்கள். கண்ணும் அவளுக்குப் போய்விட்ட மாதிரிதான், கண்ணில் அழுத்தம் கூடிக்கூடி இப்போது வெளிச்சமும் நிழலும் மட்டும் தெரிகிறது. என் மகன் நம்பி பெங்களூரிலிருந்து வந்து எல்லாம் பார்த்துக்கொள்கிறான், குறை சொல்ல முடியாது. அவன்தான் சொன்னான்: "அம்மா, நான் சொல்லுதத கேளு. அந்த மொசைக் தரையில இன்னொரு தடவை விழுந்தா அத்தை எந்திரிக்க மாட்டாங்கன்னு டாக்டர் சொல்லிட்டாரு. குற்றாலம் ரோட்டுல ஒரு காப்பகம் பாத்து வச்சிருக்கேன். சுத்தமான இடம்." நான் தரையை மாற்றுகிறேன் என்றேன். "மாத்தி?" என்றான். மாற்றினால் அவள் இங்கே இருக்கட்டும் என்றேன். அப்போது அவன் கொஞ்சம் பேசாமல் இருந்தான். அந்த இடைவெளியை நான் கேட்டேன். வெளியூருக்கு டிரங்க் கால் போடும்போது இரண்டு பக்கமும் மூச்சு மட்டும் கேட்கிற நேரம் ஒன்று உண்டு, அதில்தான் எல்லாம் முடிவாகியிருக்கும், பிறகு பேசுவதெல்லாம் சும்மா. "சரிம்மா. சாயங்காலம் வந்து ரூமைப் பாக்கேன். அத்தை தானா நடந்து பாத்ரூம் போயிட்டு வரட்டும். சரியா வரலன்னா வண்டி அப்படியே காப்பகத்துக்குப் போயிரும். அத்தையோட பை வண்டியிலேயே இருக்கட்டும்." முடிவு செய்தவன் குரல்தான். ஆனால் முடிவு செய்தவர்களையும் மறுபடி பேச வைத்திருக்கிறேன், லைனை வெட்டாமல் பிடித்துக்கொண்டே இருந்தால் போதும். டக்.

பலகை எல்லாம் நம்பி வாங்கிப் போட்டதுதான். இரண்டு நாள் இந்த அறையிலேயே கிடந்து அறையின் சூட்டுக்குப் பழகட்டும் என்று பெட்டியில் போட்டிருந்தது, பழகிக் கிடந்தன, புது மருமகள் மாதிரி. மாட்டித் தர வேண்டிய செல்லப்பா நேற்றுக் காலையில் போன் செய்தார். "அம்மா, ஊர்ல சுடலைமாடன் கோயில் கொடைம்மா. நாங்க சாமியாடுத வீடு. நான் போகாம இருக்க முடியாது. செவ்வாக்கிழமை வந்து மாட்டித் தந்துருதேன்." சாமியாடுகிறவரை வினைல் பலகைக்காக வா என்று எப்படிச் சொல்வது. சுடலைமாடனுக்குக் கோபம் வந்தால் என்னால் தாங்க முடியுமா, நம்பியையே சமாளிக்க முடியவில்லை. செவ்வாய்க்கிழமைக்குள் திலகத்தின் கட்டில் குற்றாலம் ரோட்டுக்குப் போயிருக்கும். அதனால் நேற்று முழுவதும் செல்போனில் வீடியோ பார்த்தேன். எந்த நாட்டுக்காரனோ, பாஷை ஒன்றும் விளங்கவில்லை, கையை மட்டும் பார்த்தேன், கை எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் பேசுகிறது. இன்று விடிந்ததும் தொடங்கினேன். தொடங்கியதே தப்பு. முதல் பலகையை எடுத்துக்கொண்டு நேராக ஈசானிய மூலையில் போய் வைத்தேன். சாமி, சாஸ்திரம் என்று எதற்கும் தலையாட்டாத ஆள் நான், கல்லூரியில் படிக்கிற காலத்திலேயே திருநீற்றை அழித்துக்கொண்டு பஸ் ஏறியவள், ஆனால் வீட்டில் புதிதாக ஒன்று தொடங்குகிறது என்றால் என் கால் என்னைக் கேட்காமல் வடகிழக்கு மூலைக்குப் போய்விடுகிறது. மூன்றாவது பலகையில்தான் தெரிந்தது, நாக்கும் காடியும் பின்புறம் பார்த்துக்கொண்டிருக்கின்றன. இந்தப் பலகைக்கு ஈசானியம் கிடையாது, சுவரைப் பார்த்து நின்றால் இடது கைப் பக்கத்திலிருந்து வர வேண்டும். சிரித்துவிட்டேன், தனியாக, சத்தமாக. திலகம் இருந்திருந்தால், "ஆடி மாசத்துல வேலை தொடங்குனா அப்படித்தான் மதினி ஆகும்" என்றிருப்பாள். எடுத்துவிட்டு வடமேற்கில் வாயு மூலையிலிருந்து தொடங்கினேன். வாயு மூலைக்கு என்ன குறை. காற்றுதானே.

கத்தியால் ஒரு கோடு கிழித்து, பலகையைக் கோட்டில் மடக்கினால் முறுக்கு ஒடிவது மாதிரி ஒடிகிறது. முதலில் பயமாக இருந்தது, இப்போது ருசி கண்டுவிட்டது, தேவையில்லாத துண்டைக்கூட ஒடித்துப் பார்க்கத் தோன்றுகிறது. சுவரை ஒட்டிப் போடக் கூடாது, நகக்கண் அளவுக்கு இடம் விட வேண்டும், வெயிலில் பலகை நீளும், நீள இடம் இல்லாவிட்டால் நடுவில் எழும்பிக்கொண்டு நிற்கும். இந்த விஷயம் வீடியோவில் வந்தபோது வெகுநேரம் அதையே யோசித்துக்கொண்டிருந்தேன். நம் வீடுகளில் யார் இடம் விட்டார்கள், மூலையில் ஊசி நுழையும் இடைவெளி இருந்தாலும் சிமெண்டைக் குழைத்து அடைப்போம். எறும்புக்கு வழி விட்டு வைத்திருக்கிறீர்களா என்று திலகம் கேட்பாள். கேட்கட்டும். அவள் கேட்டால் கேட்கட்டும். அவள் கேட்காத வீடு எப்படி இருந்தது என்று இந்த மூன்று வாரத்தில் பார்த்துவிட்டேன். நான் கல்யாணமாகி இந்த வீட்டுக்குள் வந்த அன்று, பால் பழம் கொடுத்துவிட்டு அவள் கேட்ட முதல் கேள்வி, "மதினி, நீங்க கூட்டிப் பெருக்குவியளா, இல்ல போன்லதான் பேசுவியளா?" வேலைக்குப் போகிற மருமகள் தெருவிலேயே நான் ஒருத்திதான். அப்போது அவளுக்குப் பதினெட்டோ என்னவோ, நீளப் பின்னல், பளிச்சென்ற கண். அந்தக் கண். வீட்டை அவள் வைத்துக்கொண்டாள், நான் எக்ஸ்சேஞ்சை வைத்துக்கொண்டேன், நடுவில் என் வீட்டுக்காரர் எங்கள் இரண்டு பேருக்கும் நல்லவராக இருக்கப் பார்த்து ஒருவருக்கும் ஆகாமல் திரிந்தார். நைட் டியூட்டி முடிந்து வந்தால் தட்டு போட்டு மூடியிருக்கும். திறந்தால் நான் விரும்புகிற புளிச்சாறு. ஒரு நாளும் வாயால் சொன்னதில்லை, எடுத்துச் சாப்பிடுங்கள் என்று. நானும் நன்றாக இருக்கிறது என்று சொன்னதில்லை. வெள்ளிக்கிழமைதோறும் மண்ணெண்ணெய் தொட்ட துணியால் இந்த மொசைக்கை மண்டி போட்டுத் துடைப்பாள். கண் மங்கிய பிறகும் விடவில்லை, கையால் தடவித் தடவித் துடைத்தாள். கண்ணாடி மாதிரி பளபளக்கும் என்று வருகிறவர்கள் எல்லாம் சொல்வார்கள். அந்தப் பளபளப்பில்தான் விழுந்தாள், அவள் தேய்த்தெடுத்த பளபளப்பில். இப்போது அதன்மேல் நான் மண்டி போட்டு மூடிக்கொண்டு வருகிறேன். டக். மூடுவதும் ஒரு மாதிரி துடைப்பதுதான்.

போன் அடிக்கிறது. நம்பியின் நம்பர், ஆனால் மூச்சு திலகத்தின் மூச்சு. "மதினி?" "சொல்லு." "பய வெளிய காப்பி வாங்கப் போயிருக்கான். அவன் போனைத் தடவி நர்ஸ்கிட்ட குடுத்துப் போடச் சொன்னேன். என்ன செய்யுதிய?" "தரை போடுதேன்." "நீங்களா?" "ஏன், நான் போடக் கூடாதா?" "போடலாம், போடலாம். ஆஸ்பத்திரியில பக்கத்துக் கட்டில் காலிதான், உங்களையும் சேத்துச் சொல்லி வைக்கட்டுமா?" சிரிக்கிறாள். சிரிப்பு நடுவில் அறுந்தது. பிறகு குரலைத் தாழ்த்தி, "மதினி, அந்தக் காப்பகத்துல காலையில எல்லாரையும் வட்டமா உக்கார வச்சுக் கைதட்டச் சொல்லுவாகளாம். சத்தமாச் சிரிக்கச் சொல்லுவாகளாம். உடம்புக்கு நல்லதாம். நான் என்ன லூசா, காரணமில்லாமச் சிரிக்க?" அவளுக்கு யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை. நம்பி சொல்லியிருக்க மாட்டான். படுத்திருக்கிறவர்களுக்குக் காது நீளும். "நீ இங்கதான் வருத. உன் ரூமுக்குத்தான் தரை போடுதேன்" என்றேன். இரண்டு பக்கமும் மூச்சு. "சரி, பாத்துப் போடுங்க. முட்டிய ஒடச்சிக்கிட்டுக் கெடக்காதிய. ரெண்டு பேரையும் சேத்துல்ல கொண்டு போயிருவான்" என்று வைத்துவிட்டாள். எக்ஸ்சேஞ்சில் இருந்தால் அந்த லைனைக் கொஞ்ச நேரம் திறந்தே வைத்திருப்பேன், யாரும் பேசாத லைன் ஒரு மாதிரி இரையும், கடல் தூரத்தில் இருக்கிற மாதிரி.

அறை பாதிக்கு மேல் முடிந்துவிட்டது. ஹால் பக்கத்து வாசலிலிருந்து தொடங்கி, குளியலறைக் கதவைத் தாண்டி, கட்டில் வரை வந்துவிட்டேன். கட்டிலை ஒரு பக்கமாக நகர்த்தி நகர்த்தி, எறும்பு அரிசியை இழுக்கிற மாதிரி. தயிர்ச்சாதத்தைக் கிண்ணத்தில் போட்டுக்கொண்டு வந்து நடுவில் நின்றே சாப்பிட்டேன். நன்றாக வந்திருக்கிறது. சொல்லிக்கொள்ளலாம், யாரும் இல்லை, நன்றாக வந்திருக்கிறது மங்கையர்க்கரசி. இணைப்பு எங்கே என்று தேட வேண்டும். என் வீட்டுக்காரரின் பழைய கேன்வாஸ் ஷூவைப் போட்டுக்கொண்டுதான் காலையிலிருந்து வேலை, பலகை காலில் விழுந்தால் என்ன செய்வது என்று. அதைக் கழற்றினேன். வெறுங்காலை வைத்தேன். வழுக்கவில்லை, சில்லிடவும் இல்லை, வெதுவெதுப்பாக, ஒரே சீராக. ஆகா என்றுதான் தோன்றியது. அப்புறம் ஒரு பெருமைக்காக, சின்னப் பிள்ளை மாதிரி, கண்ணை மூடிக்கொண்டேன். திலகம் எப்படி நடப்பாளோ அப்படி நடந்து பார்ப்போம் என்று. கட்டிலிலிருந்து குளியலறைக்கு. நாலைந்து எட்டு வைத்தேன், கையை நீட்டினேன், கதவு இல்லை. இன்னும் கொஞ்சம் நகர்ந்தேன். சுவர். எந்தச் சுவர்? ஒரு நிமிஷம், என் சொந்த வீட்டில், நடுப்பகலில், நான் எங்கே நிற்கிறேன் என்று எனக்குத் தெரியவில்லை. காலுக்குக் கீழே எங்கும் ஒன்றுபோலவே இருந்தது. கண்ணைத் திறந்தபோது பீரோவைத் தொட்டுக்கொண்டு நின்றேன். குளியலறை எனக்குப் பின்னால்.

பித்தளைக் கோடு. இந்த மொசைக்கில் சுவரோரம் ஒரு அடி தள்ளி, அறையைச் சுற்றிப் பித்தளைத் தகடு பதித்திருக்கிறது, நடுவில் வெள்ளை, ஓரத்தில் பச்சை, இரண்டுக்கும் நடுவே அந்தக் கோடு. அந்தக் காலத்தில் மாமனார் ஆசைப்பட்டுப் போட்டது. திலகம் அதன்மேல்தான் நடப்பாள். கட்டிலை விட்டு இறங்கினால் பெருவிரல் அதைத் தேடும், கிடைத்ததும் அதன்மேலேயே பாதத்தை வைத்து வைத்து, சுவரோரமாகச் சுற்றி, குளியலறை வரை. "என் ரயிலு வருது, தள்ளுங்க" என்பாள். நான் தினமும் பார்த்தேன். தினமும் பார்த்ததைத்தான் காலையிலிருந்து டக் டக்கென்று மூடியிருக்கிறேன். கிண்ணத்தை ஜன்னலில் வைத்தேன். வழுக்காத தரை போட்டுவிட்டேன், வழியே இல்லாத தரை. சாயங்காலம் அவள் வருவாள், நம்பி கதவோரம் கையைக் கட்டிக்கொண்டு நிற்பான், அவள் காலை வைத்துத் துழாவுவாள், துழாவுவாள், கை காற்றில் அலையும், பீரோவைப் போய்ப் பிடிப்பாள். அவ்வளவுதான், அதற்கு மேல் சொல்ல என்ன இருக்கிறது. வண்டியில் பை. வட்டமாக உட்கார்ந்து கைதட்டுவாள். இந்த வீட்டில் நான் ஒருத்தி, ஒரு டம்ளர், ஒரு தட்டு, அதுவும் கொஞ்ச நாள்தான், பிறகு பெங்களூரில் நம்பியின் பத்தாவது மாடி, லிப்டில் யாரோ குட்மார்னிங் சொல்வார்கள். சொல்லிவிடலாமே, அவள் வந்ததும் கையைப் பிடித்து, இப்படி நட, இங்கே திரும்பு என்று. ஆனால் தானாக நடக்க வேண்டும் என்றானே. அவன் சொன்னதில் தப்பில்லை, நான் தூங்குகிற நேரத்தில் அவள் எழுந்தால் யார் கையைப் பிடிப்பது. சுவரோரம் கயிறு கட்டினால்? தடுக்கும். எல்லாவற்றையும் பிடுங்கிவிட்டால்? மறுபடி கண்ணாடி. யோசனை பித்தளைக் கோட்டின் மேலேயே சுற்றிச் சுற்றி வந்தது, சுவரோரமாக, கதவைக் கண்டுபிடிக்காமல்.

சுற்றி வந்த யோசனை ஒரு அட்டைப்பெட்டியில் தடுக்கியது. கடைக்காரர்கள் தப்பாக அனுப்பிய பெட்டி. எல்லாம் வழவழப்பான தேக்கு, இந்த ஒன்றில் மட்டும் சாம்பல் நிறத்துப் பலகை, மரத்தின் ரேகை மேலே எழும்பி, கையை வைத்தால் பனைமட்டையின் கருக்கு மாதிரி, அறுக்காது, ஆனால் சொரசொரவென்று இருக்கும். மாற்றித் தருகிறோம் என்று சொல்லிக்கொண்டே இருந்தார்கள். கட்டிலுக்கு அடியில் யார் பார்க்கப் போகிறார்கள், அங்கே போட்டுக்கொள்ளலாம் என்று ஒதுக்கி வைத்திருந்தேன். ஒன்றை எடுத்துத் தேக்கோடு சேர்த்துப் பார்த்தேன். டக். அதே கனம், அதே பூட்டு. கீழே வைத்து, கண்ணை மூடி, வெறுங்காலால் தேக்கிலிருந்து அதன்மேல் ஏறினேன். பாதம் உடனே சொல்லிவிட்டது. சாம்பல் பலகையை இரண்டு வரிசை, ஒரு காலுக்கு ஒன்று, கட்டிலிலிருந்து குளியலறைக் கதவுக்கு நேராகப் போட்டால். சுற்றிக்கொண்டு போகிற ரயில் இல்லை, நேர் பாதை. ஆனால் அந்த இடத்தில் நான் ஏற்கெனவே தேக்கு போட்டுத் தாண்டி வந்துவிட்டேன். பிரிக்க வேண்டும். கடைசி வரிசையிலிருந்து ஒவ்வொன்றாகப் பின்னோக்கி. இந்தப் பலகையில் எனக்குப் பிடித்ததே அதுதான், பசையும் இல்லை ஆணியும் இல்லை, போட்டதை எடுக்கலாம், எடுத்ததை மறுபடி போடலாம், வாழ்க்கையில் வேறு எதற்கு இந்த வசதி உண்டு. வரிசையை முழுதாக நீளத்துக்கு மேலே தூக்கினால் பூட்டு அவிழ்கிறது, அவிழும்போது சத்தமே இல்லை. பிறகு தலைமாட்டைப் பக்கவாட்டில் நகர்த்தி உருவ வேண்டும், இழுத்தால் நாக்கு உடையும், ஒன்று உடைந்தது, ஒதுக்கினேன். இடுப்பு எரிந்தது. வெயில் ஜன்னலிலிருந்து சுவருக்கு ஏறிவிட்டது. பயம் போய்விட்டது என்று சொல்ல மாட்டேன், அது முழங்காலுக்குக் கீழே தலையணையில் இருந்தது, நான் அதன்மேல் மண்டி போட்டு வேலை செய்தேன். சாம்பல், டக். சாம்பல், டக். தேக்குக்கு நடுவில் அது ஒட்டுப் போட்ட மாதிரிதான் தெரிந்தது, என் கண்ணுக்கு உறுத்தியது, அழகாக முடித்த வாக்கியத்தின் நடுவில் யாரோ இருமின மாதிரி. இருமட்டும். இது கண்ணுக்கான தரை இல்லையே. அதன் பிறகு தேக்கு, தேக்கு, தேக்கு. தெற்குச் சுவரோரம் கடைசி இரண்டு வரிசை மட்டும் நிற்கிறது, அதில் ஒன்று நீளவாக்கில் கிழிக்க வேண்டியது, கட்டிலின் தலைமாட்டில், சின்ன மேஜைக்கு அடியில் இரண்டு பலகை அகலத்துக்குப் பழைய மொசைக் அப்படியே தெரிகிறது. கத்தியை எடுத்தேன். வாசலில் வண்டி.

நம்பி முன்னால் வந்தான், சாவியை விரலில் சுற்றிக்கொண்டே. அறையைப் பார்த்தான். தரையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், என் தலையில் இருந்த வினைல் தூசியைப் பார்த்தான். "நீயேவாம்மா போட்ட?" "பின்ன, சுடலைமாடனா வந்து போட்டாரு?" "நடுவுல என்னது, ஒட்டுப் போட்ட மாதிரி?" "பலகை பத்தல" என்றேன். ஒன்றும் சொல்லக் கூடாது என்று முடிவு செய்திருந்தேன், அவனிடமும் சரி, அவளிடமும் சரி. சொன்னால் அது சொல்லித் தந்த நடை. திலகம் வாக்கரைப் பிடித்துக்கொண்டு நிலைப்படியில் நின்றாள். மெலிந்துவிட்டாள், ஆஸ்பத்திரி எண்ணெய் வைக்காத தலை. காலில் ரப்பர் செருப்பு. "அத்தை, செருப்போட நடங்க" என்றான் நம்பி. "வீட்டுக்குள்ள செருப்பா? உங்க ஆச்சி இருந்தா என் கால ஒடிச்சிருப்பா. ஏற்கெனவே ஒடஞ்சுதான கெடக்கு" என்று உதறினாள், ஒன்று கதவுப் பக்கம் போய் விழுந்தது. வெறுங்காலை உள்ளே வைத்தாள். நான் கண்ணை மூடிக்கொண்டேன், கேட்பதற்காக. வாக்கரின் ரப்பர் நுனி, ப்ச். கால், ஒரு இழுப்பு. ப்ச். இழுப்பு. நின்றாள். பெருவிரல் தேடுகிறது, எனக்குக் கேட்டது, வழவழப்பில் தோல் நகர்கிற சின்னச் சத்தம், முன்னால், பக்கத்தில், மறுபடி முன்னால். அங்கே கோடு இல்லை திலகம், அது கீழே இருக்கிறது, இன்னும் கொஞ்சம் வா. "என்ன மதினி, ஒண்ணும் தட்டுப்படல" என்றாள், அந்தக் குரலில் ஒரு சின்னப் பெண் இருந்தாள். நான் உதட்டைக் கடித்துக்கொண்டேன். நம்பி ஒரு எட்டு முன்னால் வைத்தான். நான் கையைக் குறுக்கே நீட்டினேன். ப்ச். இழுப்பு. ப்ச். கர்ர். வாக்கர் சாம்பலில் ஏறிவிட்டது. கால் ஏறியது. நின்றது. இந்தப் பக்கம் தடவி, அந்தப் பக்கம் தடவி, ரேகை எந்தத் திசையில் ஓடுகிறது என்று பாதத்தால் படித்தாள். வெகுநேரம். பிறகு வலது பக்கம் திரும்பினாள். கர்ர், கர்ர், கர்ர், நடுவில் ஒரு இடத்திலும் நிற்காமல். கண்ணைத் திறந்தபோது அவள் கை குளியலறைக் கதவின் கொண்டியில் இருந்தது.

உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் விழுந்தது. "அத்தை, தாழ் போடாதீங்க!" என்று நம்பி கத்தினான். "போடாம எப்படிடா, நீ வெளிய நிக்க?" என்று உள்ளிருந்து வந்தது. அவன் சாவியைச் சுற்றுவதை நிறுத்தியிருந்தான். அந்த இரண்டு வரிசையையும் பார்த்துக்கொண்டே நின்றான், குனிந்து கையால் ஒரு தடவை தடவினான், என் மகனின் முதுகு அவன் அப்பாவின் முதுகு மாதிரியே இருந்தது. மூச்சு மட்டும் கேட்கிற நேரம். நான் லைனை வெட்டவில்லை. "பை டிக்கியில இருக்கு" என்றான். "எடுத்துட்டு வா" என்றேன். போனான். அவள் வெளியே வந்து, கர்ர் கர்ரென்று நேராகக் கட்டிலுக்குப் போய் உட்கார்ந்து, மூச்சு வாங்கினாள். "என்னது மதினி இது, பனையோலைய விரிச்சு வச்சிருக்கிய? கால் கூசுது." "பழகிரும்." "சுவரோரம் இடம் வேற விட்டிருக்கிய. கதவுகிட்ட கால்ல தட்டுப்படுது. எறும்பு வரும்." "வரட்டும். நீ இருக்கேல்ல, பேசி அனுப்பு." கட்டில் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தவளின் கால் தானாகவே மேஜைக்கு அடியில் போனது, போன இடத்தில் நின்றது. போடாமல் விட்ட இடம். பெருவிரல் பித்தளையின் மேல் முன்னும் பின்னும் போய் வந்தது. முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள். "அங்கன மட்டும் பாக்கி. நாளைக்குக் காலையில மூடிருதேன்" என்றேன். வாசலில் டிக்கி மூடுகிற சத்தம் கேட்டது, கனமான, உள்ளுக்குள் நிறைவான சத்தம். "வேண்டாம் மதினி" என்றாள் திலகம், காலை எடுக்காமல். "அது கெடக்கட்டும்."